ஈரச்சட்டை

ஏப்ரல் 3, வியாழன்

ரிஸ்வானா மூன்று நோட்டு வாங்கிவந்து ஆளுக்கு ஒன்று கொடுத்தாள். “தினமும் எழுதணும். கண்ணால பாத்தது ஒரு பக்கம், உங்களுக்குத் தோணுனது இன்னொரு பக்கம். ரெண்டையும் கலக்கக் கூடாது” என்றாள். துணிகளைப் பரிசோதிக்கும் லேபில் மூன்று வருடம் இருந்தவள். அவளுக்கு அப்படிப் பிரித்து எழுத வரும். எனக்கு எல்லாம் ஒரே பக்கத்தில்தான் வருகிறது.

முதலில் நாங்கள் யார் என்று எழுதச் சொன்னாள். நான் துளசிமணி, வயது நாற்பத்து மூன்று. திருப்பூரில் பத்தொன்பது வருடம் ஒரே பனியன் கம்பெனியில் வேலை. அதில் கடைசி எட்டு வருடம் தையல் லைனுக்கு சூப்பர்வைசர். ஜெயபால் மாஸ்டர் அதே கம்பெனியில் பேட்டர்ன் வெட்டியவர். டிசம்பரில் கம்பெனியை மூடிவிட்டார்கள். எங்கள் துணிகளை லேபில் சோதித்துக் கொடுத்துக்கொண்டிருந்த ரிஸ்வானாவிடம் நாங்கள் செய்யப்போவதைச் சொன்னதும், அந்த வேலையை விட்டுவிட்டு வந்துவிட்டாள். அனுப்பர்பாளையத்தில் ஒரு தகர ஷெட். மாஸ்டர் வீட்டிலிருந்து தன் மிஷினைக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்.

செய்யப்போவது: வெயிலில் வேலை செய்கிறவர்களுக்கு ஒரு கையில்லாத சட்டை. தண்ணீரில் நனைத்துப் போட்டுக்கொண்டால், அது காயக் காய உடம்பு குளிர வேண்டும். மண்பானையில் தண்ணீர் குளிர்கிற அதே சங்கதிதான்.

“எங்கிருந்து அம்மிணி உனக்கு இந்த யோசனை வந்துச்சு?” என்று மாஸ்டர் கேட்டார். போன மே மாத வெயில் என்றேன். அவர் என்னை ஒரு முறை பார்த்துவிட்டு இஞ்ச் டேப்பைத் தேடப் போனார்.

ஏப்ரல் 8, செவ்வாய்

முதல் சாம்பிள். வெளியே சல்லடை போன்ற துணி, நடுவில் தண்ணீரை உறிஞ்சும் துணி, உள்ளே ஈரம் உடம்பில் படாதபடி ஒரு மெல்லிய தாள்துணி. சமையலறைத் தராசில் வைத்தோம். காய்ந்திருக்கும்போது முந்நூற்றுப் பத்து கிராம், நனைத்துப் பிழிந்தபின் எழுநூற்று எண்பது.

என் வீட்டுக்காரர் பரமசிவம் ஸ்கூல் வேன் ஓட்டுகிறார். மத்தியானம் சாப்பிட வந்தவரைப் பிடித்துப் போட்டுவிட்டு மொட்டைமாடியில் நிற்க வைத்தேன். “முதுகு சில்லுனு இருக்குது. வயித்துப் பக்கம் ஒண்ணுமில்லை. காலெல்லாம் சொட்டுது” என்றார். ஐம்பது நிமிடத்தில் காய்ந்துவிட்டது. காய்ந்தபின் என்ன ஆனது என்று கேட்டதற்கு, “கழட்டிட்டேன், அவிஞ்சுது” என்றார். ரிஸ்வானா அதையும் எழுதிக்கொண்டாள்.

கேஸ் சிலிண்டர் வந்தது. வாங்கி வைக்க ஆள் இல்லாமல் திரும்பிப் போய்விட்டது.

ஏப்ரல் 12, சனி

தண்ணீர் ஏன் எப்போதும் கீழ்விளிம்பில் போய்ச் சேர்ந்துவிடுகிறது? இதற்கு மட்டும் நான்கு நாள் ஆயிற்று. தோள் காய்ந்து கிடக்கிறது, இடுப்பில் சொட்டுகிறது. ரிஸ்வானா வேறு துணி தேடலாம் என்றாள். மாஸ்டர் சாக்கட்டியால் சட்டை முழுக்கச் சாய்வுக் கோடு போட்டு, குறுக்கே இன்னொரு சாய்வுக் கோடு போட்டு, மூன்று துணியையும் சேர்த்துத் தைத்தார். பார்க்க டைமன் பிஸ்கட் மாதிரி. ஒவ்வொரு கட்டத்திலும் அந்தந்தத் தண்ணீர் நின்றுகொண்டது. இரண்டு மணி பத்து நிமிடம் தாங்கியது.

“லேப்ல இதையெல்லாம் யாரும் சொல்லித் தரலையே மாஸ்டர்” என்று ரிஸ்வானா கட்டங்களை விரலால் எண்ணிக்கொண்டே இருந்தாள்.

மாஸ்டர் மகிழ்ச்சியில் ஒரு யோசனை சொன்னார். அவர் சிநேகிதர் கம்பெனியில், தகரக் கூரைக்குக் கீழே நாற்பது பெண்கள் தைக்கிறார்கள். சட்டையை முதலில் அங்கே கொடுத்துப் பார்க்கலாம். நான் வேண்டாம் என்றேன். தைக்கிற துணியில் ஈரம் பட்டால் கறை விழும், பீஸ் ரிஜெக்ட் ஆகும். சரியான காரணம்தான்.

ஏப்ரல் 17, வியாழன்

மாஸ்டரின் சிநேகிதர் கம்பெனியில் அயர்னிங் செக்‌ஷனில் இரண்டு பேருக்குக் கொடுத்துப் பார்த்தோம். படுதோல்வி. ஒருவர் அரை மணி நேரத்தில் கழற்றிக் கையில் கொடுத்துவிட்டார். சட்டை நனைந்தது நனைந்தபடியே இருக்கிறது, ஆள் மட்டும் வேர்த்து ஊற்றுகிறார்.

ஏன் என்று வரும் வழியெல்லாம் பேசிக்கொண்டு வந்தோம். ஸ்டீம் அயர்ன். அந்த அறைக் காற்றே நீராவி குடித்துப்போய்க் கிடக்கிறது. சட்டையின் தண்ணீர் போக இடமில்லை. தண்ணீர் போனால்தான் குளிரும். ஆகவே காற்று வறண்ட, திறந்த இடம் வேண்டும். ரோடு, கட்டடம், கல்குவாரி.

தோற்ற நாளில் ரிஸ்வானா அதிகம் சிரிக்கிறாள். இப்போதுதான் ஏதோ ஒன்று தெரிந்தது என்கிறாள்.

ஏப்ரல் 23, புதன்

பெருமாநல்லூர் பக்கம் ரோடு அகலப்படுத்துகிறார்கள். காண்ட்ராக்டரின் மேனேஜர் குப்புராஜ். வெள்ளைச் சட்டை, ஓயாத போன், ஆனால் மரியாதையாகப் பேசினார். “வேலை கெடாம என்ன வேணாலும் பண்ணிக்குங்க” என்று சொல்லி ஜல்லி கொட்டும் பெண்களில் ஆறு பேரைக் காட்டினார். அவர்களில் மூத்தவள் மாராத்தாள். ஐம்பது வயதிருக்கும். சேலைக்கு மேல் ஆண்பிள்ளைச் சட்டை, தலையில் துண்டு.

காலை ஒன்பதுக்கு ஆறு சட்டையும் நனைத்துப் போட்டுவிட்டோம். பதினொன்றரைக்குள் காய்ந்துவிடும், அருகில் நிற்கும் டேங்கர் குழாயில் மறுபடி நனைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டு வந்தோம். மூன்று மணிக்குப் போனால் ஐந்து சட்டை மொறமொறவென்று காய்ந்து, மடித்து, ஜல்லிக் குவியல் மேல் வைக்கப்பட்டிருந்தது. ஒருவர்கூட இரண்டாம் முறை நனைக்கவில்லை. ஆறாவது மாராத்தாளுடையது. அது மட்டும் நல்ல ஈரம். ஆனால் அவள் உடம்பில் இல்லை. பத்து லிட்டர் தண்ணீர் கேனுக்குப் போட்டுப் பட்டன் மாட்டியிருந்தாள்.

“கோவிச்சுக்காதீங் அம்மிணி. குடிக்கிற தண்ணி சுடுதண்ணியா இருக்குமுங்க. இன்னைக்குக் குடிச்சுப் பாருங், சில்லுனு கெடக்குது.”

குடித்தேன். உண்மைதான்.

“நீங்க ஏன் போட்டுக்கலை?”

“போட்டனுங்க. காஞ்சுபோச்சு. நனைக்கோணும்னா டேங்கருகிட்டப் போகோணும். போனா, ‘எங்க போற’ம்பாங்க.” மேனேஜர் இருந்த பக்கம் கண்ணைக் காட்டினாள்.

திரும்பும்போது மாஸ்டர் சொன்னார்: “அப்ப நனைக்கவே தேவையில்லாத மாதிரி பண்ணோணும். காலைல போட்டா மத்தியானம் வரைக்கும் நிக்கோணும்.” எனக்கும் அதுதான் சரியென்று பட்டது.

ஏப்ரல் 24, வியாழன்

இன்று முழுக்கத் தண்ணீர் கேனுக்குச் சட்டை போட்டு விளையாடினோம். ஒன்பது டிகிரி இறங்கியது. மாஸ்டர் கேனுக்குக் காலர் வைக்கலாமா என்று கேட்டார்.

ஏப்ரல் 29, செவ்வாய்

ஒன்பதாவது சாம்பிள். நடுத்துணியை இரண்டு மடிப்பாக்கி, கட்டங்களைச் சிறிதாக்கினார் மாஸ்டர். நான்கு மணி ஐந்து நிமிடம். அவர் எதையும் கொண்டாடுகிறவர் இல்லை. இன்று டீக்கடைக்காரரைக் கூப்பிட்டு எங்கள் மூவருக்கும் பஜ்ஜி சொன்னார். ஈரோட்டில் ஒரு கம்பெனி அவரை வேலைக்குக் கூப்பிட்டிருக்கிறதாம், ஜூன் ஒன்றாம் தேதி வரை நேரம் கேட்டிருக்கிறாராம். “இது தேறிருச்சுன்னா நான் எதுக்கு அம்மிணி ஈரோட்டுக்குப் போறேன்” என்றார்.

ஆவக்காய் போட மாங்காய் வெட்டி வைத்திருந்தேன். உப்புப் போட மறந்து கறுத்துவிட்டது.

மே 5, திங்கள்

நாலு நாளாக ரிஸ்வானா ரோட்டோரம் ஒரு தார்ப்பாய்க் கொட்டகை போட்டு உட்கார்ந்திருந்தாள். பன்னிரண்டு பெண்கள். ஆறு பேருக்குச் சட்டை, ஆறு பேருக்கு இல்லை. குப்புராஜிடம் கெஞ்சி, ஒன்றரை மணி நேரத்துக்கு ஒரு முறை எல்லோரையும் கொட்டகைக்குக் கூப்பிட்டு, காதில் சூடு பார்த்து, விரலில் கிளிப் மாட்டி நாடி பார்த்து அனுப்பினாள். பன்னிரண்டு பேரையும் பார்த்து முடிக்கப் பத்து நிமிடம் ஆகும்.

இன்று தாளை விரித்தாள். சட்டை போட்டவர்களுக்கு நன்றாக இருக்கிறது. ஆனால் போடாதவர்களுக்கும் ஏறக்குறைய அதே அளவு நன்றாக இருக்கிறது.

“இது எப்படி?” என்றேன்.

“அதான் எனக்கும் புரியலைக்கா. வெள்ளிக்கிழமையே இது கண்ணுல பட்டுச்சு. அதனால சனிக்கிழமை ஒண்ணு மாத்திப் பாத்தேன். சட்டை போட்ட ஆறு பேரையும் நடுவுல கூப்பிடவே இல்லை. வேலை முடிஞ்சப்புறம்தான் பாத்தேன். நாடி எகிறி நிக்குது. சட்டை இல்லாம, கொட்டகைக்கு வந்துட்டுப் போனவங்க இவங்களைவிட நல்லா இருக்காங்க.”

மாஸ்டர் கண்ணாடியைக் கழற்றினார். “தெளிவாச் சொல்லு கண்ணு.”

“குளிர வெச்சது சட்டை இல்லை மாஸ்டர். நான் சூடு பாக்கறேன்னு நிழல்ல உக்கார வெச்சனே, அந்தப் பத்து நிமிஷம். அது கூட சட்டையும் இருந்தா ரொம்ப நல்லது. சட்டை மட்டும்னா பெருசா ஒண்ணுமில்லை. பன்னெண்டே பேரு, நாலே நாளு, இதை வெச்சு ஊருக்கு ஒண்ணும் சொல்ல முடியாது. ஆனா நமக்கு இதுதான் வந்துருக்கு.”

கூரைத் தகரம் வெயிலில் டப் டப்பென்று சத்தமிட்டது. அப்போது குப்புராஜின் போன். நான்கு மணி நேரம் தாங்குகிறது என்று கேள்விப்பட்டாராம். “மத்தியான ரெஸ்ட்டைத் தூக்கிட்டா ஜூனுக்குள்ள ரோட்டை முடிச்சுருவேன். நீங்க முதல்ல பன்னெண்டு குடுங்க. ஓடுச்சுன்னா நம்ம அஞ்சு சைட்டுக்கும் வாங்கிக்கறேன்.”

பார்த்துச் சொல்கிறேன் என்றேன். ரிஸ்வானாவின் தாளை நான்காக மடித்து டிராயரில் வைத்தேன்.

மே 6, செவ்வாய்

பன்னிரண்டு சட்டை அனுப்பியாயிற்று. தாளைப் பற்றி ரிஸ்வானா கேட்டாள். இன்னும் கொஞ்சம் சோதித்துவிட்டுப் பேசலாம் என்றேன்.

மே 9, வெள்ளி

இன்று சைட்டுக்குப் போனேன். பன்னிரண்டு மணியிலிருந்து மூன்று மணி வரைக்கும் இருந்த ரெஸ்ட் இரண்டு நாளாக இல்லை. அரை மணி நேரம் சாப்பாடு, உடனே வேலை. எல்லோரும் சட்டை போட்டிருந்தார்கள். சாப்பிடும்போது மறுபடி நனைத்திருக்கிறார்கள். ஈரமாகத்தான் இருந்தது, நான் தொட்டுப் பார்த்தேன்.

ஒன்றே முக்காலுக்கு மாராத்தாள் ஜல்லிக் கூடையோடு கீழே உட்கார்ந்தாள். மயக்கமெல்லாம் இல்லை. உட்கார்ந்தாள், அவ்வளவுதான். கூப்பிட்டதற்குப் பதில் சொல்லத் தாமதமானது. இரண்டு பெண்கள் தூக்கிக்கொண்டுபோய் நிழலில் போட்டார்கள். சட்டையைக் கழற்றிவிட்டு முகத்தில் தண்ணீர் அடித்ததும் கண்ணைத் திறந்து, “ஒண்ணுமில்லீங், கொஞ்சம் கண்ணைக் கட்டுச்சு” என்றாள். குப்புராஜ் ஓடி வந்தார். அவர் முகமும் வெளுத்திருந்தது. தன் காரிலேயே கொண்டுபோய் டாக்டரிடம் காட்டி, டிரிப் ஏற்றி வீட்டில் விட்டார்.

அவள் சட்டை என் கையில் இருந்தது. ஈரம் போகவில்லை. பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்ததில் என் சேலையும் நனைந்துவிட்டது.

கண்ணால் பார்த்தது இவ்வளவு. மற்ற பக்கத்தில் எழுத ஒன்றுமில்லை.

மே 10, சனி

ஷெட்டில் சண்டை. ரிஸ்வானா அழுதாள். அந்தத் தாளைக் குப்புராஜிடம் அன்றைக்கே கொடுத்திருந்தால் இது நடந்திருக்காது என்றாள். மாஸ்டர், “கொடுத்திருந்தா சட்டையும் வித்திருக்காது. பத்து நிமிஷம் உக்காரச் சொல்றதுக்கு எவன் கண்ணு நம்மகிட்டச் சட்டை வாங்குவான்” என்றார். சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“நீ வாயே தொறக்க மாட்டேங்கற. தையல் லைன்ல டெஸ்ட் பண்ணலாம்னு ரெண்டு தடவை சொன்னேன், சாக்குச் சொல்லித் தட்டிக்கழிச்சே. பத்து நிமிஷம்னு அந்தப் புள்ள சொன்னப்ப உன் மூஞ்சி போன போக்கை நான் பாத்தேன். நானும் அந்தக் கம்பெனியிலதான் அம்மிணி இருந்தேன்.”

ரிஸ்வானா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். அவளுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. சொன்னேன். சொன்னதை இங்கேயும் எழுதிவிடுகிறேன்.

போன வருடம் மே பதினாறு. ஏற்றுமதி லாட், மறுநாள் லாரி. என் லைனில் ஆறாவது மிஷினில் அம்சவேணி. முப்பது வயது, வேகமான கை. இரண்டு மணி சுமாருக்கு எழுந்து வந்து, “அக்கா, தலை சுத்துது, பத்து நிமிஷம் வெளிய நின்னுட்டு வரட்டுங்களா” என்றாள். இந்தக் கட்டில் இருக்கும் பீஸை முடித்துவிட்டுப் போ என்றேன். அதட்டவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னேன். அவள் போய் உட்கார்ந்தாள். மூன்றாவது பீஸில் முன்பக்கமாகச் சாய்ந்தாள், நெற்றி மிஷின் தலையில் மோதியது. ஆறு நாள் ஆஸ்பத்திரி. அதற்குப் பிறகு அவள் வேலைக்கு வரவில்லை. நான் ஆஸ்பத்திரிக்கு ஒரு முறை போனேன், அவள் தூங்கிக்கொண்டிருந்தாள், பழத்தை வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

ரிஸ்வானா அழுகையை நிறுத்திவிட்டு, “அவங்களை அப்புறம் பாக்கவே இல்லையாக்கா?” என்று மட்டும் கேட்டாள். கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்பதுபோல் கேட்டாள். அதுதான் தாங்கவில்லை.

மே 12, திங்கள்

அம்சவேணி வீட்டை மாஸ்டர்தான் விசாரித்துச் சொன்னார். வேலம்பாளையத்தில் ஒரு லைன் வீடு. கதவு திறந்தே இருந்தது. தரையில் உட்கார்ந்து பனியன்களில் பிசிறு வெட்டிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் ஆளுயரத்துக்கு மூட்டை. நெற்றியில் தழும்பு புருவம் வரை இறங்கியிருக்கிறது.

“வாங்கக்கா” என்றாள். எழுந்திருக்கவில்லை. நான் எதிரில் உட்கார்ந்தேன். இரண்டாவது கத்தரிக்கோல் ஒன்று கிடந்தது. எடுத்து நானும் வெட்ட ஆரம்பித்தேன். கை சும்மா இருந்தால் என்னால் பேசியிருக்க முடியாது.

மிஷினில் உட்கார முடியவில்லையாம். சத்தம் கேட்டால் ஒரு பக்கத் தலை இடிக்கிறது. வீட்டிலேயே இந்த வேலை.

“அன்னைக்கு உன்னை வெளிய விட்டிருக்கணும். என் தப்பு” என்றேன்.

“ஆமாங்க்கா” என்றாள்.

வேறு ஏதாவது சொல்வாள் என்று காத்திருந்தேன். மூன்று பனியன் முடித்து ஓரமாக வைத்துவிட்டு, அவளே பேசினாள்.

“எனக்கு ஒண்ணு மட்டும் இன்னும் வெளங்கலைக்கா. அன்னைக்குக் காலைல, எனக்கு முன்னால இருந்த அஞ்சாவது மிஷின் சூடாயிருச்சு. ஞாபகம் இருக்குதுங்களா? நீங்கதான் மெக்கானிக்கைக் கூப்பிட்டு, ‘கால் மணி நேரம் ஆற விடு, மோட்டார் போயிரும்’னீங்க. அதுல தெச்சவளும் கால் மணி நேரம் சும்மா உக்காந்திருந்தா. யாரும் ஒண்ணும் சொல்லலை.”

எனக்கு ஞாபகம் இருந்தது. அந்த மெக்கானிக்கின் பெயர்கூட ஞாபகம் இருந்தது.

“மிஷின் சூடாச்சுன்னா நிறுத்தறோம்” என்றாள். குரல் உயரவில்லை. உண்மையிலேயே யோசித்துக்கொண்டுதான் பேசினாள். “ஆளு சூடாச்சுன்னா வந்து கேக்கோணும். கேட்டாலும் கிடைக்காது. அது ஏன்னு உக்காந்து உக்காந்து நெனைப்பேன்.”

பையிலிருந்து சட்டையை எடுத்துக் காட்டினேன். எல்லாவற்றையும் சொன்னேன், மாராத்தாளையும். அவள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். உள்துணியைக் கையில் வைத்துத் தேய்த்தாள். “இது காஞ்சுபோனா என்ன ஆவுங்க்கா?”

“காஞ்சா அவியும். போட முடியாது.”

“அப்ப அதைச் சொல்லுங்க. ஆளுக்கு ரெஸ்ட்டுன்னா குடுக்க மாட்டாங்க. துணிக்குத் தண்ணி காட்டோணும், இல்லைன்னா கெட்டுப்போகும்னா குடுப்பாங்க.”

அவளை எங்களோடு வேலைக்கு வரச் சொல்லிக் கேட்டேன். யோசித்துச் சொல்கிறேன் என்றாள். சொல்லமாட்டாள் என்றுதான் நினைக்கிறேன். மூட்டையில் பாதிக்கு மேல் முடித்துவிட்டுத்தான் எழுந்தேன்.

மே 13, செவ்வாய்

அம்சவேணி சொன்னதை அப்படியே ஷெட்டில் சொன்னேன். மிஷின் மேல் கையை ஊன்றிக்கொண்டு மாஸ்டர், “நாம தப்பான பக்கம் ஓடிக்கிட்டு இருந்துருக்கோம். நாலு மணி நேரம் தாங்க வெச்சோம். தாங்கவே கூடாது. சீக்கிரம் காஞ்சாத்தான் நனைக்கறதுக்குன்னு உக்காருவாங்க” என்றார்.

ரிஸ்வானாவுக்கு ஒரு சந்தேகம். “வேணும்னே மட்டமாப் பண்ணி, நனைச்சே ஆகணும்னு சொன்னா அது ஏமாத்து இல்லையாக்கா?” நியாயமான கேள்வி. பொய் சொல்லி விற்க எனக்கும் மனமில்லை. ஆகவே சோதித்துவிடுவோம் என்றோம். காய்ந்த சட்டையைப் போட்டுக்கொண்டு நான் ஒருத்தி, அந்தச் சட்டை இல்லாமல் மாஸ்டர், இருவரும் பதினொன்றரை மணி வெயிலில் ஷெட்டைச் சுற்றி நடந்தோம். மறுபடி மாற்றிப் போட்டுக்கொண்டு நடந்தோம். தெருவில் போகிறவர்கள் நின்று பார்த்தார்கள். காய்ந்த சட்டை போட்டவருக்கு இரண்டு முறையும் சூடு அதிகம். உள்ளே இருக்கும் தாள்துணி வியர்வையை வெளியே விடுவதில்லை.

முதல் நாளே என் வீட்டுக்காரர் அவிந்தது என்று சொன்னார், எழுதியும் வைத்தோம், ஒருவரும் அதை யோசிக்கவில்லை. காய்ந்த பிறகு அந்தச் சட்டை ஆளுக்குக் கெடுதல். இதில் பொய் எதுவும் இல்லை. நனைக்காமல் போடக் கூடாது என்று சட்டையிலேயே எழுதிவிடலாம்.

மே 16, வெள்ளி

மாஸ்டர் தன் ஒன்பதாவது சாம்பிளைப் பிரித்தார். மடிப்புத் துணியை உருவினார், கட்டங்களைப் பெரிதாக்கினார். “முப்பது வருசத்துல நல்லா வந்த ஒண்ணைக் கெடுக்கறதுக்காகப் பேட்டர்ன் போட்டது இதுதான் முதல் தடவை” என்றார். ஆனால் கை வேகமாகத்தான் போனது. எடையும் குறைந்துவிட்டது. ஜல்லி சுமக்கிறவளுக்கு அது பெரிய விஷயம். ஒரு மணி முப்பத்தைந்து நிமிடத்தில் காய்கிறது.

காய்ந்தது எப்படித் தெரியும்? தோளில் ஒரு துண்டு துணி வைத்திருக்கிறாள் ரிஸ்வானா. ஈரத்தில் கருநீலம், காய்ந்தால் வெளிர்நீலம். பத்தடி தூரத்திலிருந்தே தெரியும், மேனேஜருக்கும் தெரியும். கழுத்து லேபிளில் பெரிய எழுத்தில்: நிறம் வெளுத்தால் உடனே கழற்றவும். பத்து நிமிடம் தண்ணீரில் ஊறவிடவும். காய்ந்த சட்டை ஆபத்து.

இன்று தேதி பதினாறு. அம்சவேணி சாய்ந்து ஒரு வருடம். மாஸ்டர் மத்தியானம் எனக்கும் சேர்த்து டீ வாங்கி வந்தார்.

மே 19, திங்கள்

ரிஸ்வானாவின் தாளை டிராயரிலிருந்து எடுத்துக் குப்புராஜிடம் நானே கொடுத்தேன். முழுக்கப் படித்தார். “இதை முதல்லயே குடுத்திருக்கலாமேங்க” என்றார். கொடுத்திருக்கலாம், கொடுக்கவில்லை என்றேன். புதிய சட்டையைக் காட்டினேன். மத்தியான ரெஸ்ட்டை நிறுத்தினால் சட்டை கிடையாது என்றும் சொன்னேன். அவர் லேபிளை இரண்டு முறை படித்தார். மாராத்தாள் விழுந்த அன்று வெளுத்த முகம் நினைவுக்கு வந்திருக்கலாம், அல்லது வேறு ஏதாவது கணக்கு இருக்கலாம். மத்தியான ரெஸ்ட் மறுபடி உண்டு, இந்த ஒரு சைட்டில் மட்டும் சோதித்துப் பார்க்கலாம் என்றார். ஐந்து சைட் பேச்சு எழவில்லை.

மே 22, வியாழன்

மாஸ்டர் காலையில் ஈரோட்டுக்குப் போன் செய்தார். ஜூன் கடைசி வரைக்கும் பொறுக்க முடியுமா என்று கேட்டார். அவர்கள் என்ன சொன்னார்கள் என்று எங்களிடம் சொல்லவில்லை. மிஷினுக்கு எண்ணெய் விட்டுவிட்டு எங்களோடு சைட்டுக்குக் கிளம்பினார்.

ஒன்பது மணிக்குப் பன்னிரண்டு பேரும் போட்டுக்கொண்டார்கள். மாராத்தாளும் வந்திருந்தாள். நான் வேண்டாம் என்றேன். “வீட்டுல உக்காந்தா ஆருங் சோறு போடுவாங்க” என்று சொல்லிவிட்டுத் தானே பட்டனை மாட்டினாள். பத்து மணி இருபத்தெட்டுக்கு முதல் தோள் வெளுத்தது. இளம் பெண் ஒருத்தி கூடையை வைத்துவிட்டு, போகலாமா கூடாதா என்பதுபோல் குப்புராஜைப் பார்த்தாள். அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை, தோளைப் பார்த்தார். “போ போ, நனைச்சுட்டு வா, துணி போயிரும்” என்றார். ரிஸ்வானா என் கையைப் பிடித்து நசுக்கிவிட்டாள்.

ஐந்து நிமிடத்துக்குள் பன்னிரண்டும் வெளுத்துவிட்டன. புளியமரத்தடியில் இரண்டு டிரம் தண்ணீர் வைத்திருந்தோம். சட்டைகளை அதில் போட்டுவிட்டுப் பெண்கள் மரத்தடியில் உட்கார்ந்தார்கள். ஒருத்தி வெற்றிலைப் பையை அவிழ்த்தாள், ஒருத்தி காலை நீட்டினாள். மாஸ்டர் கொஞ்சம் தள்ளி நின்று சட்டைகள் எப்படி ஊறுகின்றன என்று பார்த்துக்கொண்டிருந்தார். ரிஸ்வானா விரலில் நாடி பார்க்கப் போனாள்.

ஏழாவது நிமிடத்தில் குப்புராஜ் வாட்சைப் பார்த்துக்கொண்டே வந்தார். “நனைஞ்சிருச்சா?”

மாராத்தாள் டிரம்மில் கையை விட்டுத் தன் சட்டையை எடுத்தாள். தண்ணீர் அதிலிருந்து தாரை தாரையாகக் கொட்டியது. தூக்கிப் பார்த்தாள், தட்டிப் பார்த்தாள். “இன்னும் ஊறோணுமுங்க” என்று மறுபடி தண்ணீருக்குள் அமுக்கினாள்.

குப்புராஜ் என்னைப் பார்த்தார். செய்தவள் நான், எனக்குத்தான் தெரியும் என்ற பார்வை.

“ஆமாங்க. இன்னும் மூணு நிமிஷம் ஊறணும்” என்றேன்.

அவர் சரி என்று தலையாட்டிவிட்டு வண்டிப் பக்கம் போனார். மாராத்தாள் தன் பக்கத்தில் கிடந்த கூடையை எடுத்து அந்தப்புறம் வைத்தாள். அந்த இடத்தில் நான் உட்கார்ந்தேன்.